நாலாவது வரிசையில் மாமியார்

என் கணவர் மேஜிக் செய்கிறவர். ஆரம்பத்தில் நோட்டீஸில் தன் பெயருக்கு முன்னால் புரொபசர் என்று போட்டுக்கொண்டார். நாளடைவில் பெயர் கழன்று விழுந்து புரொபசர் மட்டும் நின்றுவிட்டது. பால் போடுகிறவரிலிருந்து பல் டாக்டர் வரை எல்லோருக்கும் அவர் புரொபசர்தான். கல்லூரிக்குள் அவர் காலெடுத்து வைத்தது ஒரே ஒரு தடவை. அதுவும் ஆண்டு விழாவில் நிகழ்ச்சி நடத்துவதற்காக.

பத்தொன்பது வயதில் கடைத்தெருவில் நின்று காய் நறுக்கும் கருவி விற்றுக்கொண்டிருந்தவர். கூட்டம் சேர்ப்பதற்காக யாராவது ஒருவர் காதுக்குப் பின்னாலிருந்து நாணயத்தை எடுத்துக் காட்டுவார். கூட்டம் நாணயத்தை வாய் பிளந்து பார்க்கும், கருவியை வாங்காமல் கலைந்துவிடும். இரண்டு வருஷம் இப்படியே ஓடியது. பிறகு கருவியை வீட்டில் வைத்துவிட்டு நாணயத்தோடு மட்டும் கிளம்பினார். பிறந்தநாள் வீடுகள், பள்ளிக்கூடங்கள், அப்புறம் கம்பெனி விழாக்கள். நான் வாரத்தில் ஆறு நாள் ஒரு லேபில் ரத்தம் எடுக்கிறவள். லீவு நாட்களில் அவர் மேடைக்குப் பக்கவாட்டில் உட்கார்ந்து பாட்டுப் போடுகிறவள்.

அவருடைய கைகள் அபாரமானவை. சாப்பாட்டு மேஜையில் உப்பை எடுத்துக் கொடுத்தால்கூட உப்பு எந்த வழியாக வந்தது என்று தெரியாது. கோளாறு வாயில்தான் இருந்தது. மைக்கைப் பிடித்துவிட்டால், “அன்பார்ந்த பெருமக்களே, இதோ பாருங்கள், இது ஒரு சாதாரணக் கைக்குட்டை” என்று பாடப்புத்தகம் வாசிக்க ஆரம்பித்துவிடுவார். பெருமக்கள் மரியாதைக்கு இரண்டு தட்டு தட்டிவிட்டு போனை எடுத்துவிடுவார்கள். பதினைந்து வருஷமாக அதே பதினோரு வித்தை, அதே கோட்டு, அதே இரண்டு தட்டு.

இனி அம்மாவைப் பற்றி. என் அம்மா இருபத்தொன்பது வருஷம் ரயிலில் டிக்கெட் பரிசோதகராக இருந்தவள். ஒரு பெட்டியில் ஏறினால் டிக்கெட் வாங்காதவன் யாரென்று கேட்காமலே சொல்வாள். “முகம் நல்லா நடிக்கும்டி. கால் கட்டைவிரலுக்கு நடிக்கத் தெரியாது. அதைப் பாரு” என்பாள். ஓய்வு பெற்றதும் எங்களோடு வந்து இருந்தாள். எங்களுக்குக் கல்யாணமாகிப் பதினோரு வருஷம் ஆகியிருந்தது. அதுவரை ஒரு தடவைகூட அவள் மாப்பிள்ளையின் நிகழ்ச்சியைப் பார்த்ததில்லை. மாப்பிள்ளை என்ன வேலை பார்க்கிறார் என்று யாராவது கேட்டால், “கைத்தொழில்” என்று சொல்லிவிட்டுப் பேச்சை மாற்றிவிடுவாள். கேட்டவர்கள் கூடை பின்னுகிறார் என்று நினைத்துக்கொள்வார்கள்.

ஒரு தடவை வீட்டுக்கு வெள்ளையடித்துக்கொண்டிருந்தார்கள். பெயின்ட் நெடி அம்மாவுக்கு ஆகாது. வேறு வழியில்லாமல் அவளையும் வேனில் ஏற்றிக்கொண்டு போனோம். பிரிட்ஜ் தயாரிக்கிற ஒரு கம்பெனியில் ஊழியர் கூட்டம். காலை பதினோரு மணி. முந்நூறு பேர், முந்நூறு பிளாஸ்டிக் நாற்காலி. அம்மா நாலாவது வரிசையில் நடைபாதையை ஒட்டி உட்கார்ந்து, கைப்பையை மடியில் வைத்து, இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

புரொபசர் வந்தார், வணங்கினார், சிவப்புக் கைக்குட்டையை எடுத்தார். “அன்பார்ந்த பெருமக்களே” ஆயிற்று. கைக்குட்டையை வலது கைக்குள் திணித்தார், ஊதினார், விரித்தார். காணோம். முன்வரிசையில் ஒருவர் கொட்டாவி விட்டார்.

“இடது கை.”

அம்மா கத்தவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னாள். ஆனால் ஓடும் ரயிலின் இரைச்சலுக்கு மேல் இருபத்தொன்பது வருஷம் பேசிய குரல் அது. மண்டபத்தின் கடைசிச் சுவர்வரை போய்த் திரும்பி வந்தது. முந்நூறு தலைகள் திரும்பின.

புரொபசர் சிரிக்க முயன்றார். “என்ன சொன்னீங்க?”

“இடது கையைத் தொறங்க மாப்ள.”

இனி திறக்காமல் இருக்க முடியாது. திறந்தார். கைக்குட்டை அங்கேதான் கசங்கிக் கிடந்தது. நான் பாட்டை நிறுத்துவதா தொடர்வதா என்று தெரியாமல் பொத்தான்மேல் விரலை வைத்துக்கொண்டு உறைந்துபோனேன். அவர் மைக்கை வாய்க்குக் கொண்டுபோனார். பிறகு, வாழ்க்கையில் முதன்முறையாக, மேடையில் பாடப்புத்தகத்தில் இல்லாத ஒரு வாக்கியம் அவர் வாயிலிருந்து வந்தது.

“இவங்க என் மாமியாருங்க.”

கூட்டம் குலுங்கிவிட்டது. போனில் இருந்தவர்கள் எல்லோரும் தலையைத் தூக்கினார்கள். பின்வரிசையிலிருந்தவர்கள் நாற்காலிமேல் ஏறி அம்மாவைப் பார்த்தார்கள். அம்மாவோ எதுவும் நடக்காதது போல, “அடுத்ததைச் செய்ங்க” என்றாள்.

அடுத்தது சீட்டு. “மேஜையில இருக்கிற அட்டைப்பெட்டிக்கு அடியில” என்றாள். அடியில்தான் இருந்தது. மூன்றாவது மரமுட்டை. அவர் முகமெல்லாம் வியர்வை. முட்டையைக் காணாமல் அடித்து, வெறும் கையைக் காட்டினார். “வலது பாக்கெட்” என்றாள் அம்மா. அவர் கண்ணை மூடிக்கொண்டு வலது பாக்கெட்டை வெளியே இழுத்துக் காட்டினார். காலி.

“அப்ப எங்க போச்சு?” அம்மா எழுந்தே நின்றுவிட்டாள்.

“சத்தியமா எனக்கே தெரியலைங்க அத்தை!”

மண்டபம் இடிந்து விழுகிற மாதிரி கைதட்டல். அவர் சொன்னது பொய்யில்லை. பாக்கெட்டின் உள்துணி கிழிந்து முட்டை கோட்டின் ஓரத்தில் போய் விழுந்திருந்தது. வேனில் உட்காரும்போதுதான் அது அவருக்கே தெரிந்தது. தெரிந்ததைவிட, குத்தியது என்று சொல்லலாம்.

திரும்பி வரும்போது பாதி வழியில் அம்மா கேட்டாள்: “நான் ஏதாவது தப்பா சொல்லிட்டேனா? எல்லாம் சரியாத்தானே சொன்னேன்?”

மூன்று நாள் புரொபசர் யாரோடும் பேசவில்லை. குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு கண்ணாடி முன்னால் கைக்குட்டையைத் திணிப்பதும் விரிப்பதுமாக இருந்தார். இதற்கிடையில் நிகழ்ச்சி ஏஜென்ட் மூன்று தடவை போன் செய்துவிட்டார். அடுத்த வாரம் ஒரு மருத்துவமனை விழா, அதற்கடுத்து ஒரு டயர் கம்பெனி. எல்லோரும் கேட்ட கேள்வி ஒன்றுதான்: “அந்த அம்மாவும் வருவாங்கல்ல?”

நாலாம் நாள் மத்தியானம் நான் துணி மடித்துக்கொண்டிருந்தபோது பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

“அம்மா வர மாட்டாங்கன்னு ஏஜென்ட்கிட்ட சொல்லிடட்டுமா?” என்றேன்.

“ஒண்ணு சொல்லவா? பதினஞ்சு வருஷத்துல என் கையை உத்துப் பாத்த ஒரே ஆள் உங்கம்மாதான். மத்தவங்கெல்லாம் சும்மா கை தட்டிட்டுப் போனவங்க. அவங்க ஒருத்தர்தான் பாத்தாங்க.” ஒரு துண்டை எடுத்து என்னைவிட நேர்த்தியாக மடித்தார். “மானம் போனது போனதுதான். ஆனா அன்னிக்கு எனக்கு ஒரு பயம் வந்துச்சு பாரு, அது முதல் முதல்ல கடைத்தெருவுல நின்னப்போ வந்தது. அப்புறம் வரவே இல்லை.”

அன்று மாலை காபியை அவரே கொண்டுபோய் அம்மாவிடம் கொடுத்து, விஷயத்தைச் சொன்னார். அம்மா கோப்பையைக் கீழே வைத்தாள்.

“நடிக்கச் சொன்னா என்னால ஆகாது மாப்ள. பாத்தா பாத்தேன்னு சொல்வேன். பாக்கலைன்னா பாக்கலை.”

“அது போதுங்க அத்தை.”

“கையும் தட்ட மாட்டேன். கை தட்டினா கண்ணு அந்தப் பக்கம் போயிடும்.”

“சரிங்க.”

“நாற்காலி நடைபாதை ஓரமா இருக்கணும். பின்னாடி ஆள் சுரண்டக் கூடாது.”

அப்படித்தான் ‘மாப்பிள்ளையும் மாமியாரும்’ பிறந்தது. அதற்குப் பிறகு நாங்கள் இளைப்பாற நேரமில்லை. துணிக்கடைத் திறப்பு விழா, வங்கி ஊழியர் சங்கம், பல் டாக்டர்கள் மாநாடு. அம்மா ரயில்வேயில் போட்டிருந்த பழைய கறுப்புக் கோட்டைப் பெட்டியிலிருந்து எடுத்து, பொத்தானை இடம் மாற்றித் தைத்துப் போட்டுக்கொண்டாள். புரொபசருக்குப் பாடப்புத்தகம் தானாகவே மறந்துபோயிற்று. “அத்தை, கொஞ்சம் தண்ணி குடிச்சிட்டு வாங்களேன், அதுக்குள்ள இதை முடிச்சிடறேன்” என்பார். “தாகமில்லை மாப்ள” என்பாள் அம்மா. இதற்கு ஐந்து நிமிஷம் சிரிப்பார்கள். வீட்டில் இருவரும் பேசிக்கொள்கிற அதே பேச்சுதான்.

இரண்டு வருஷம் இப்படி ஜோராகப் போயிற்று. மூன்றாவது வருஷம் சறுக்கியது. அம்மாவுக்குக் கைதட்டல் பிடித்துவிட்டது. பழகப் பழக எந்தச் சொல்லுக்கு எத்தனை சிரிப்பு வரும் என்று தெரிந்துவிட்டது. அதைவிடப் பெரிய சங்கடம், பதினோரு வித்தையும் அவளுக்குத் தலைகீழ்ப் பாடம். ஒரு ஹோட்டல் விழாவில் புரொபசர் கைக்குட்டையை எடுப்பதற்கு முன்பே “இடது கை” என்று சொல்லிவிட்டாள். சிரிப்பு வந்தது, ஆனால் நமுத்துப்போன சிரிப்பு. இன்னொரு இடத்தில் மாப்பிள்ளைக்குக் காய்ச்சல் என்பதால் பாவம் பார்த்து ஒன்றையும் கண்டுபிடிக்காமல் விட்டாள். கூட்டத்துக்கு அது தெரிந்துவிட்டது. எப்படித்தான் தெரியுமோ, தெரிந்துவிடுகிறது.

ஏஜென்ட் வீட்டுக்கே வந்தார். நாற்காலி நுனியில் உட்கார்ந்துகொண்டு, தயங்கித் தயங்கி, “அம்மா இப்பல்லாம் ரொம்ப நல்லா நடிக்கிறாங்க” என்றார்.

“அது நல்லதுதானே?” என்றாள் அம்மா.

“அதாங்க பிரச்சனையே.”

அவர் போன பிறகு அம்மா பொரிந்து தள்ளிவிட்டாள். “இருபத்தொம்பது வருஷத்துல என்னை ஒருத்தர் குறை சொன்னது கிடையாது! தெரிஞ்ச விஷயத்தைத் தெரியாத மாதிரி எப்படிய்யா பாக்கிறது? பதினெட்டு வருஷமா இதே கைக்குட்டை, இதே முட்டை. உங்க மாப்பிள்ளைத்தனத்துக்கு மரியாதை குடுத்துதான் இவ்வளவு நாள் சும்மா இருந்தேன்!”

“அத்தை சொல்றது நியாயம்தான்” என்றார் புரொபசர். “அவங்களுக்குத் தெரியாததை நான் செய்யணும். அவ்வளவுதானே.”

அவ்வளவுதானே என்று சொல்லிவிட்டார். அம்மாவுக்குத் தெரியாமல் எங்கள் வீட்டில் ஒரு ஊசியைக்கூட நகர்த்த முடியாது. கடைசியில் நான்தான் லேப் முதலாளியிடம் சாவி கேட்டேன். ஞாயிற்றுக்கிழமைகளில் லேப் மூடியிருக்கும். காத்திருப்போர் நாற்காலிகளை வரிசையாகப் போட்டு, மருந்து வைக்கிற பிரிட்ஜின் பளபளப்பான கதவை நிலைக்கண்ணாடியாக்கிக்கொண்டு, புரொபசர் ஏழு ஞாயிறு பயிற்சி செய்தார். நான் நாலாவது வரிசையில் அம்மாவாக உட்கார்ந்து, தோன்றிய இடத்தையெல்லாம் சொன்னேன். முதல் மூன்று ஞாயிறு கண்டுபிடித்தேன். நாலாவதிலிருந்து முடியவில்லை. ஆறாவது ஞாயிறு ஊசி போடுகிற விரல்களில் அவருக்குத் தசை பிடித்துக்கொள்ள, நான் ஐஸ் வைத்துத் தேய்த்துவிட்டேன். ஊசி போடுகிற விரல் என்னுடையது, வித்தை செய்கிற விரல் அவருடையது. லேபில் உட்கார்ந்து எழுதினால் இப்படித்தான் குழம்பிவிடுகிறது.

அம்மா விடுவாளா? ஞாயிறு சாயங்காலம் நாங்கள் வீட்டுக்குள் நுழைந்ததும் விசாரணை தொடங்கும்.

“எங்க போனீங்க?”

“சும்மா, காத்தாட.”

“காத்தாடப் போனவர் சட்டையில ஸ்பிரிட் வாசனை அடிக்குதே?”

நான் சமையலறைக்குள் ஓடிவிடுவேன். அவள் பின்னாலேயே வந்து, பேசாமல் என் கால் கட்டைவிரலைப் பார்ப்பாள். ஏழு வாரமும் வீட்டுக்குள் நான் செருப்புப் போட்டுக்கொண்டு நடந்தேன்.

எட்டாவது ஞாயிறு, மத்தியானம் மூன்று மணிக்கு, எண்ணூறு இருக்கை உள்ள பெரிய அரங்கில் நிகழ்ச்சி. ஏஜென்ட் தன் தலையை அடமானம் வைத்த மாதிரிப் பதறிக்கொண்டிருந்தார். இதுவும் நமுத்துப்போனால் இனி யாரும் கூப்பிட மாட்டார்கள் என்று அவர் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஒப்பனை அறையில் ஒரே பிஸ்கட்டை அரை மணி நேரம் கடித்துக்கொண்டிருந்ததிலிருந்து புரிந்துகொண்டோம்.

முதல் அரை மணி பழைய வித்தைகள். அம்மா வழக்கம்போல் சொல்ல, கூட்டம் வழக்கம்போல் சிரித்தது. பிறகு புரொபசர் கோட்டைக் கழற்றி என்னிடம் கொடுத்தார். சட்டைக் கையை முழங்கைக்கு மேல் மடித்து, சிவப்புக் கைக்குட்டையை விரல்களில் எடுத்துக்கொண்டார். “அத்தை, இன்னிக்கு நீங்க அங்க உக்கார வேண்டாம். மேல வாங்க” என்றார்.

இது வழக்கத்தில் இல்லாதது என்று அம்மாவுக்குத் தெரியும். கைப்பையைப் பக்கத்து இருக்கைக்காரரிடம் கொடுக்க மனமில்லாமல் தோளில் மாட்டிக்கொண்டு மேடை ஏறினாள்.

“என் ரெண்டு மணிக்கட்டையும் பிடிச்சிக்குங்க. விடாதீங்க.”

“விட்டாத்தானே” என்றாள் அம்மா.

பிடித்துக்கொண்டாள். அந்தப் பிடியிலிருந்து ஓடும் ரயிலில் தப்பித்தவன் கிடையாது. புரொபசர் விரல் நுனிகளுக்கு நடுவில் சிவப்புக் கைக்குட்டையை மெதுவாக, மிக மெதுவாக உருட்டினார். ஊதவில்லை, ஒன்றும் சொல்லவில்லை. நான் பாட்டைக்கூட நிறுத்தியிருந்தேன். விரல்கள் விரிந்தன. கைக்குட்டை இல்லை.

“இடது” என்றாள் அம்மா. இடது கையை அவளே விரித்துப் பார்த்தாள். இல்லை. “வலது.” இல்லை. விரல் இடுக்கு ஒவ்வொன்றாகப் பார்த்தாள். மடித்த சட்டைக் கையை அவிழ்த்து உதறினாள். காலரைத் தூக்கினாள். ஷூவைக் கழற்றச் சொன்னாள், காலுறையையும் கழற்றச் சொன்னாள். “வாயைத் தொறங்க மாப்ள” என்றாள். அவர் திறந்தார். “நாக்கைத் தூக்குங்க.” தூக்கினார். எண்ணூறு பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அம்மா சிரிக்கவில்லை. குனிந்து அவர் கட்டைவிரலைப் பார்த்தாள். அது நிம்மதியாக இருந்தது.

கடைசியில் அவரைச் சுற்றி ஒரு வட்டம் நடந்துவிட்டு, மைக்குக்கு முன்னால் வந்து நின்றாள். அரங்கம் அடங்கிவிட்டது.

“தெரியலை” என்றாள்.

அந்தச் சொல்லை என் அம்மா வாயிலிருந்து நான் அதற்கு முன் கேட்டதில்லை. அவளுக்கே அது புதிதாக இருந்திருக்க வேண்டும். இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தாள். “தெரியலைங்க. நிஜமாவே எனக்குத் தெரியலை.” சொல்லிவிட்டுச் சிரித்தாள். சத்தமாக, தோள் குலுங்க, கண்ணில் நீர் வர. பிறகு கை தட்டினாள். முதலில் அவள்தான் தட்டினாள். அதற்குப் பிறகு எழுந்த சத்தத்தில் எனக்குக் காது அடைத்துவிட்டது. புரொபசர் வெறுங்காலோடு, காலர் தூக்கினபடி, வணங்கவும் மறந்து நின்றுகொண்டிருந்தார். ஏஜென்ட் என் தோளைப் பிடித்து உலுக்கிக்கொண்டே இருந்தார்.

வீட்டுக்குப் போகும் வழியில் அம்மா, “எப்படின்னு சொல்லாதீங்க மாப்ள. நானே கண்டுபிடிக்கிறேன்” என்றாள். இரண்டு நாள் பொறுத்தாள். மூன்றாம் நாள், “சரி, சொல்லுங்க” என்றாள். அவர் சொல்லவில்லை. என்னை மடக்கினாள். நானும் சொல்லவில்லை. இப்போது உங்களுக்கும் சொல்லப் போவதில்லை.

அதற்குப் பிறகு புரொபசருக்கு ஓய்வே கிடையாது. ஒரு வித்தையை அம்மா நாலைந்து தடவைக்குள் பிடித்துவிடுவாள். அதற்குள் அடுத்தது தயாராக இருக்க வேண்டும். லேப் சாவி நிரந்தரமாக அவரிடமே இருக்கிறது. நாற்பது வயதில் மனுஷர் பரீட்சைக்குப் படிக்கிறவர் மாதிரி படிக்கிறார். வெளிநாட்டிலிருந்தெல்லாம் அழைப்பு வருகிறது. அம்மா பாஸ்போர்ட் எடுத்துவிட்டாள். போட்டோவில் சிரிக்கக் கூடாது என்று சொன்னதுதான் அவளுக்குக் குறை.

போன வாரம் ஒரு கூத்து நடந்தது. வேறொரு மேஜிக்காரர், புரொபசரைவிட வயதில் சின்னவர், ஜிகினாக் கோட்டெல்லாம் போடுகிறவர், அம்மாவுக்கு போன் செய்து, “ஒரே ஒரு தடவை வந்து என் நிகழ்ச்சியைப் பாத்து எங்கெங்க தப்புன்னு சொல்லுங்கம்மா” என்று கெஞ்சியிருக்கிறார். கார் அனுப்பினார். அம்மா தலை வாரிக் கோட்டுப் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டாள்.

புரொபசர் அன்று முழுக்க ஒரு இடத்தில் உட்காரவில்லை. ஜன்னலுக்கும் வாசலுக்குமாக நடந்தார்.

“போகட்டுமே, அதுக்கென்ன இப்ப?” என்றேன்.

“அதுக்கென்னவா? எனக்கிருக்கறதே ஒரு மாமியார்!”

நான் சிரிக்க, அவர் கோபித்துக்கொண்டு வாசலுக்குப் போய்விட்டார். ஐந்து மணிக்குக் கார் வந்து நின்றது. அம்மா இறங்குவதற்குள் ஓடிப்போய்க் கதவைத் திறந்து, கைப்பையை வாங்கிக்கொண்டார். எதையும் கேட்கக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டு படிவரை வந்தார். படியில் முடியவில்லை.

“எப்படி இருந்துதுங்க அத்தை?”

அம்மா கைப்பிடியைப் பிடித்து ஒரு படி ஏறினாள். நின்று மூச்சு வாங்கினாள்.

“நல்ல பிள்ளை. புகை நிறைய விடறான்” என்றாள். “புகைக்குள்ள என்ன நடக்குதுன்னு பாக்கிறதுக்குள்ள எனக்குத் தூக்கம் வந்துடுச்சு.”

புரொபசர் கைப்பையை மேஜைமேல் வைத்தார். அம்மாவை நாற்காலியில் உட்காரவைத்து, மின்விசிறியைப் போட்டுவிட்டு, சமையலறைக்குள் போய்ப் பாலை அடுப்பில் வைத்தார். பால் பொங்குகிறவரை விசில் அடித்துக்கொண்டிருந்தார்.